சொர்ணம் டிரான்ஸ்போர்ட், முக்கூடல்

பீடி இலைச் சாக்கில் பொதிந்து
எக்ஸெல் வண்டியில் வந்து இறங்கியது அந்த சிபியு.
மூடியைக் கழற்றினேன். நாலு தும்மல்.
ஃபேன் இறக்கையில் புகையிலைத் தூள்
விரல் கனத்துக்கு அப்பியிருந்தது.

"இடமே இல்லங்கு தாயி,
பில் போடுத சாப்ட்வேரு ஏற மாட்டங்கு.
நம்ம பய கேம் கெடக்கும், அதத் தூத்து எறிஞ்சிருங்க.
அவன் கோயம்புத்தூர் போயி வருசம் ஒண்ணாச்சி."
சொல்லிவிட்டுத் தங்கத்துரை அண்ணாச்சி
வண்ணார்பேட்டை வெயிலுக்குள் இறங்கிப் போனார்.

அவருக்கு கேம் என்பது
டெஸ்க்டாப்பில் இருக்கும் லாரிப் படம்.
அது வாசலில் மாட்டிய பெயர்ப்பலகை, அவ்வளவுதான்.
வீடு டி டிரைவில் கிடக்கிறது,
முப்பத்தெட்டு ஜிபிக்குக் காலை நீட்டி.
ஆனால் ஆடிய ஆட்டம் அங்கேயும் இருக்காது.
விளையாட்டு ஓரிடம், விளையாடியது வேறிடம்.
இதை வருகிறவர்களிடம் சொல்லிப் பார்த்திருக்கிறேன்,
பில்லில் ஐம்பது ரூபாய் குறைக்கச் சொல்வார்கள்.

டாக்குமெண்ட்ஸில் தேடினேன், இல்லை.
மறைந்திருப்பதைக் காட்டு என்று ஒரு டிக் போட்டதும்
வெளிறிப்போய், ஜுரத்தில் எழுந்தவை மாதிரி
வந்து நின்றன மஞ்சள் ஃபோல்டர்கள்.
மூன்றாவதற்குள் இரண்டாவதற்குள் ஒன்று.
தேதிவாரியாக அடுக்கினேன்.

கடைசி சேவ்:
முந்தாநாள் ராத்திரி இரண்டு நாற்பது.

பையன் கோயம்புத்தூரில்.
அண்ணாச்சி மவுஸைப் பிடித்தாலே
அம்புக்குறி மேஜையை விட்டு ஓடும்.

ஒவ்வொரு சேவுக்கும் பெயர் வைத்திருந்தது,
தமிழை இங்கிலீஷ் எழுத்தில் தட்டி.
உளுந்து ஊறப்போட்டாச்சி.
மழ, கொடியில துணி.
கரண்டு போச்சி பாதிப் பாலத்துல.
அவுக எந்திச்சிட்டாவ.
சிலிண்டருக்குச் சொல்லணும்.
அவுக எந்திச்சிட்டாவ ரெண்டு.
அவுக எந்திச்சிட்டாவ மூணு.

எச்சில் விழுங்கிக்கொண்டு படித்தேன்.
கம்பெனி பெயர் சொர்ணம் டிரான்ஸ்போர்ட், ஊர் முக்கூடல்.
ஓடிய தூரம் அறுபத்தோராயிரம் கிலோமீட்டர்.
சொந்த லாரி ஏழு, கடன் பாக்கி இல்லை.
எடுத்துவைத்த படங்களில் எல்லாம் பனி,
ஆளில்லாத பெட்ரோல் பங்க்,
ஈரத் தாரில் மஞ்சள் விளக்கு.
ஒன்றில்கூட லாரி தெரியவில்லை,
அவள் பார்த்த ரோடு மட்டும்.

சரி, இடம் வேண்டுமே.
வேறு எங்கே அடைத்திருக்கிறது என்று துழாவினேன்.
கொடை. கொடை புதுசு. கொடை ஃபைனல்.
கொடை ஃபைனல் அண்ணாச்சி பாத்தது.
திறந்தால் ஒரே அம்மன், ஒரே வில்லுப்பாட்டு,
ஒரே கெடா நாலு தடவை விழுந்தது.
ஒன்றை வைத்துக்கொண்டு மூன்றை எடுத்தேன்.
ஐம்பத்துநாலு ஜிபி,
குப்பைத்தொட்டியையும் கவிழ்த்த பிறகு.
பில் சாப்ட்வேர் மூச்சுவிடாமல் ஏறிக்கொண்டது.

சேவ்கள் மொத்தமே பதினொரு எம்பி.
ஒரு பிரதி எடுத்து
அண்ணாச்சி கை வைக்காத இடமாகப் பார்த்து,
"பழைய ஜிஎஸ்டி" என்று பெயரிட்டு வைத்தேன்.
டெஸ்க்டாப்பில் இருந்த லாரிப் படத்தை மட்டும் அழித்தேன்.
காலையில் வருவார், பார்ப்பார், திருப்தி.
பலகை இல்லாவிட்டாலும்
வீட்டுக்காரிக்கு வழி தெரியும்.

ஷட்டரைப் பாதி இறக்கியபின்
ஓடுகிறதா என்று ஒருதரம் திறந்து பார்த்தேன்.
தொழில் நிமித்தம்தான்.
பாலத்தின் நட்டநடுவில் நின்றது லாரி.
கண்ணாடியில் பனி, வைப்பர் போய் வந்துகொண்டிருந்தது,
இடது பக்கம் இண்டிகேட்டர் டிக் டிக்.
எங்கே திரும்ப இருந்தாளோ.

ஒரு விரல் வைத்தேன், லாரி அரையடி நகர்ந்தது.
பதறி எடுத்துவிட்டேன்.
வெளியேறும்போது கேட்டது,
சேமிக்கவா?

வேண்டாம் என்றேன்.
அவள் நிறுத்திய இடத்திலேயே நிற்கட்டும்.